குடத்தைத் தூக்கிக் காட்டுங்கள்



சாலவாக்கம் பக்கத்துக் கிராமத்திலிருந்து ஒரு தாயார் கடிதம் எழுதியிருக்கிறார். மகன் பிளஸ் டூ முடிக்கப் போகிறான். கணினிப் பாதுகாப்பு படிப்பேன், பிறகு சொந்தமாகக் கம்பெனி ஆரம்பிப்பேன் என்று ஒற்றைக் காலில் நிற்கிறானாம். “வேலைக்குப் போறேன்னு சொன்னாக்கூட மனசு ஆறும். ஒரகடத்துக்குக் கம்பெனி பஸ் வந்து நிக்குது, ஏறிப் போனா மாசம் பொறந்தா சம்பளம். இவன் கம்ப்யூட்டர் திருடனைப் பிடிக்கிற கம்பெனி வைக்கிறேங்கிறான். அதுல சோறு கிடைக்குமாங்க ஐயா?” என்று கேட்கிறார்.

நியாயமான கேள்வி. ‘ஸ்டார்ட்அப்’ என்றதும் பெங்களூரும் கண்ணாடிக் கட்டடமும்தான் நினைவுக்கு வருகின்றன. உத்திரமேரூர் பேருந்து நிலையத்துக்கு எதிரே மொபைல் சர்வீஸ் கடையில் குனிந்து உட்கார்ந்து போனைக் கழற்றிக்கொண்டிருக்கும் பையனுக்கும் அந்த உலகத்துக்கும் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை என்று நினைத்துக்கொள்கிறோம். ஆனால், இந்தியாவின் பெரிய கணினிப் பாதுகாப்பு நிறுவனங்களில் ஒன்று அப்படியொரு பழுதுபார்க்கும் கடையிலிருந்துதான் பிறந்தது. அந்தக் கதையைச் சொல்லிவிட்டு அம்மாவுக்குப் பதில் சொல்கிறேன்.

கைலாஷ் காட்கர் மகாராஷ்டிரத்தின் சதாரா மாவட்டத்து ரஹிமத்பூரைப் பூர்வீகமாகக் கொண்டவர். குடும்பம் புணேக்குக் குடிபெயர்ந்தது. பத்தாம் வகுப்போடு படிப்பை நிறுத்திவிட்டு, 1985-இல் கால்குலேட்டர் பழுதுபார்க்கும் கடை ஒன்றில் மாதம் 400 ரூபாய்ச் சம்பளத்துக்குச் சேர்ந்தார். கால்குலேட்டர் என்றால் இன்று கைப்பேசிக்குள் ஒரு ஓரத்தில் கிடக்கும் சமாச்சாரம். அன்றைக்கு அது வங்கிகளிலும் அலுவலகங்களிலும் பூட்டி வைத்துப் பயன்படுத்திய இயந்திரம். கெட்டுப்போனால் ஆளைக் கூப்பிட்டுத்தான் சரிசெய்ய வேண்டும். வங்கிகளில் லெட்ஜர் போஸ்டிங் மிஷின் என்றொரு கருவியும் இருந்தது. இவற்றைக் கழற்றி மாட்டியே கைலாஷ் மின்னணுவியலைக் கற்றுக்கொண்டார். கல்லூரி வாசலை மிதிக்காத படிப்பு அது.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் 15,000 ரூபாய் முதல் போட்டு, புணேயில் நூறு சதுர அடி இடத்தில் சொந்தக் கடை போட்டார். வங்கிகளுக்குள் கணினி நுழைவதைப் பார்த்தார். கால்குலேட்டர் பிழைப்பு இன்னும் சில வருடம்தான் என்பது அவருக்குப் புரிந்துவிட்டது. 50,000 ரூபாய் கொடுத்து ஒரு கணினி வாங்கினார். அந்தக் காலத்து 50,000! 1993-இல் ‘கேட் கம்ப்யூட்டர் சர்வீசஸ்’ என்ற பெயரில் கணினிப் பராமரிப்பில் இறங்கினார். தான் விட்ட படிப்பைத் தம்பி சஞ்சய் விடக் கூடாது என்று கணினி அறிவியலில் சேர்த்தார். எனக்கு இந்தக் கதையில் மிகவும் பிடித்த இடம் இதுதான். அண்ணனுக்குக் கடையும் வாடிக்கையாளரும் தெரியும், தம்பிக்கு நிரல் எழுதத் தெரியும். கம்பெனிக்கு வேண்டிய இரண்டு கைகளும் ஒரே வீட்டில் அமைந்துவிட்டன.

பழுதுபார்க்க வந்த கணினிகளைத் திறந்து பார்த்தால், பாதிக் கோளாறு இயந்திரத்தில் இல்லை, வைரஸில். அந்தக் கால வைரஸ் இணையத்தில் வரவில்லை. ஃபிளாப்பித் தகட்டில் ஏறி, அலுவலகம் அலுவலகமாகப் போனது. ஒருவர் தகட்டை இயந்திரத்திலேயே விட்டுவிட்டு வீட்டுக்குப் போவார். மறுநாள் கணினியைப் போட்டதும் அது முதலில் அந்தத் தகட்டைத்தான் படிக்கும். தகட்டின் முதல் பகுதியில் ஒளிந்திருக்கும் வைரஸ் நினைவகத்துக்குள் போய் உட்கார்ந்துகொள்ளும். பிறகு போடுகிற ஒவ்வொரு தகட்டிலும் தன்னை எழுதிக்கொள்ளும். மைக்கேலேஞ்சலோ என்ற வைரஸ் வருடம் முழுவதும் சத்தமில்லாமல் இருந்துவிட்டு, மார்ச் 6 அன்று மட்டும் விழித்துக்கொள்ளும். அன்றைக்குக் கணினியைப் போட்டால் வட்டின் தொடக்கப் பகுதியை அழித்து எழுதிவிடும். கணக்கு வழக்கு எல்லாம் போச்சு.

வாடிக்கையாளர் கொண்டுவரும் கணினிகளைச் சுத்தம் செய்ய சஞ்சய் சின்னச் சின்ன நிரல்கள் எழுதினார். அவற்றைத் திரட்டி ஒரு பொருளாக்கி விற்கலாமே என்று அண்ணனுக்குத் தோன்றியது. 1995-வாக்கில் அது ‘குவிக் ஹீல்’ என்ற பெயரில் விற்பனைக்கு வந்தது. இங்கே ஒரு வேடிக்கையைச் சொல்ல வேண்டும். தனிநபர் கணினிகளை உலகம் முழுக்கத் தாக்கிய முதல் வைரஸ் என்று பேர் பெற்ற ‘பிரெய்ன்’ 1986-இல் லாகூரில் பிறந்தது. அதை எழுதியவர்களும் கணினிக் கடை வைத்திருந்த இரண்டு சகோதரர்களே: பாசித், அம்ஜத் ஃபரூக் ஆல்வி. நிரலுக்குள் தங்கள் பெயர், முகவரி, தொலைபேசி எண் எல்லாவற்றையும் எழுதிவைத்திருந்தார்கள். லாகூரில் ஒரு அண்ணன் தம்பி வியாதியை உண்டாக்க, புணேயில் ஒரு அண்ணன் தம்பி மருந்து விற்றார்கள். இரண்டு ஜோடியும் கல்லாவில் உட்கார்ந்து தொழில் கற்றவர்கள்.

மருந்து கண்டுபிடித்ததோடு கதை முடிந்துவிடவில்லை. விற்க வேண்டுமே! நம் ஊரில் ஏரிக்கரை உடையாத வரைக்கும் கரையைப் பற்றி யாரும் பேச மாட்டார்கள். காவலுக்கு ஆள் போட்டால், ‘ஒன்றுமே நடக்கவில்லையே, எதற்குத் தண்டச் சம்பளம்’ என்பார்கள். உடைந்த அன்றைக்கு, ‘காவல்காரன் என்ன பண்ணான்’ என்பார்கள். கணினிப் பாதுகாப்பு விற்கிறவர் பாடும் அதுதான். அவருடைய வேலை நன்றாக நடந்தால் கண்ணுக்குத் தெரிவது எதுவும் இல்லை. தெரியாத ஒன்றுக்கு வருடா வருடம் பணம் கட்டச் சொல்ல வேண்டும். தொண்ணூறுகளின் கடைசியில் கடையை மூடிவிடலாமா என்று யோசிக்கும் அளவுக்கு நெருக்கடி வந்ததைக் கைலாஷ் பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். சின்னக் கம்பெனி, தெரியாத பெயர். கெட்டிக்காரப் பொறியாளர்கள் வந்து சேரத் தயங்கினார்கள்.

அந்தச் சகோதரர்களைக் கரை சேர்த்தது விளம்பரப் பலகை அல்ல, ஊர் ஊராக இருந்த கணினிப் பழுதுபார்ப்போர்தான் என்பது என் எண்ணம். நாசிக்கில் தொடங்கி ஒவ்வொரு நகரமாகக் கிளை போட்டார்கள். கணினி கெட்டுப்போனால் நாம் யாரிடம் போகிறோம்? தெருமுனைக் கடைக்காரரிடம். ‘இதைப் போடுங்க சார், பிரச்சினை வராது’ என்று அவர் சொன்னால் போட்டுக்கொள்கிறோம். தானும் அப்படியொரு கடைக்காரராக இருந்ததால், அந்த ஒரு வாக்கியத்தின் மதிப்பு கைலாஷுக்குத் தெரிந்திருந்தது. 2007-இல் நிறுவனம் குவிக் ஹீல் டெக்னாலஜீஸ் என்று பெயர் மாறியது. 2010-இல் சிக்கோயா முதலீட்டு நிறுவனம் 60 கோடி ரூபாய் போட்டது. 2016 பிப்ரவரியில் பங்குச் சந்தைக்கு வந்தது.

வந்த முதல் நாளே பங்கு, வெளியீட்டு விலையான 321 ரூபாய்க்குக் கீழே இறங்கியது. இதையும் சேர்த்துத்தான் சொல்ல வேண்டும். ஏனென்றால், வெற்றிக் கதை எழுதுகிறவர்கள் வசதியாக இந்த இடத்தைத் தாண்டிவிடுகிறார்கள். அதற்குள் காலம் மாறியிருந்தது. விண்டோஸோடு மைக்ரோசாஃப்டே வைரஸ் தடுப்பை இலவசமாகச் சேர்த்துக் கொடுக்க ஆரம்பித்துவிட்டது. மக்கள் கணினியை விட்டுக் கைப்பேசிக்கு மாறிவிட்டார்கள். வீட்டுக் கணினிக்கு டப்பாவில் போட்டு விற்ற தொழில் சுருங்கும் என்று தெரிந்து, நிறுவனங்களுக்கான பாதுகாப்பை ‘செக்ரைட்’ என்ற பெயரில் தனியாக வளர்த்தார்கள். கால்குலேட்டர் போனபோது கணினிக்குத் தாவியவருக்கு, இது இரண்டாவது தாவல். இந்தத் தொழிலில் ஒருமுறை கண்டுபிடித்ததை வைத்து ஆயுள் முழுக்கச் சாப்பிட முடியாது. திருடன் தினமும் புதிதாகப் படிக்கிறான், காவல்காரனும் படித்தே ஆக வேண்டும்.

புணே தூரம் என்று நினைப்பவர்களுக்குச் சென்னை உதாரணம் ஒன்று. ஜெ. கேசவர்தனன் தொண்ணூறுகளின் தொடக்கத்தில் தொடங்கிய கே7 கம்ப்யூட்டிங் நம் தலைநகரத்து நிறுவனம். அதன் வைரஸ் தடுப்பு ஜப்பானில் சோர்ஸ்நெக்ஸ்ட் என்ற விற்பனை நிறுவனத்தின் மூலம் கடைகளில் விற்றது. தரம் பார்த்துப் பார்த்து வாங்கும் ஜப்பானியர்கள், சென்னையில் எழுதிய நிரலைத் தங்கள் கணினிக்குக் காவல் வைத்தார்கள். நம்மில் எத்தனை பேருக்கு இது தெரியும்?

கிராமத்திலிருந்து போனவர் வேண்டும் என்றால் ஜெய் சௌத்ரி இருக்கிறார். இமாசலப் பிரதேசத்தின் உனா மாவட்டத்தில் பனோ என்ற சின்னக் கிராமம். விவசாயக் குடும்பம். அவர் எட்டாம் வகுப்புப் படிக்கும்போதுதான் ஊருக்கு மின்சாரம் வந்தது. உயர்நிலைப் பள்ளிக்குப் பல கிலோமீட்டர் நடை. காசி இந்துப் பல்கலைக்கழகத்துப் பொறியியல் கல்வி நிலையத்தில் படித்து, 1980-இல் அமெரிக்காவின் சின்சினாட்டிக்கு மேல்படிப்புக்குப் போனார். 1996-இல் அவரும் மனைவி ஜோதியும் வேலையை விட்டுவிட்டு, வாழ்நாள் சேமிப்பு முழுவதையும் ‘செக்யூர்ஐடி’ என்ற நிறுவனத்தில் போட்டார்கள். இரண்டே வருடத்தில் வெரிசைன் அதை வாங்கிக்கொண்டது. பிறகு சைஃபர்டிரஸ்ட், ஏர்டிஃபென்ஸ் என்று அடுத்தடுத்து நிறுவனங்கள். கடைசியாக 2007-இல் தொடங்கிய ‘ஸீஸ்கேலர்’ 2018 மார்ச்சில் நாஸ்டாக்கில் பட்டியலானது. மின்விளக்கு இல்லாத வீட்டில் பிறந்தவர், இன்று உலகத்துப் பெரிய கம்பெனிகளின் இணையப் போக்குவரத்துக்குக் காவல் நிற்கிறார்.

ஸீஸ்கேலர் போன்ற நிறுவனங்கள் அடிக்கடி சொல்லும் மந்திரம் ‘ஜீரோ டிரஸ்ட்’. ஃபாரஸ்டர் ஆய்வு நிறுவனத்தில் இருந்த ஜான் கிண்டர்வாக் 2010-இல் அந்தப் பெயரைப் பரப்பினார். முன்பெல்லாம் கம்பெனிக் கணினி வலைக்குள் ஒருமுறை நுழைந்துவிட்டால், ‘நம்ம ஆள்’ என்று எல்லாக் கதவும் திறக்கும். திருடனுக்கு அது ரொம்ப வசதி. யாரோ ஒரு ஊழியரின் கடவுச்சொல் கிடைத்தால் போதும், ராஜநடை போடலாம். புதிய முறையில், முதலாளியே வந்தாலும் ஒவ்வொரு கதவிலும் அடையாளம் காட்ட வேண்டும். தேவைப்படும் அறைக்கு மட்டும்தான் அனுமதி. எல்லாவற்றுக்கும் பதிவு இருக்கும்.

உத்திரமேரூர்க்காரர்களுக்கு இதைக் கேட்டதும் ஏதோ ஞாபகம் வர வேண்டும். நம் ஊர் வைகுண்டப் பெருமாள் கோயில் சுவரில் முதலாம் பராந்தக சோழனின் 12-ஆம், 14-ஆம் ஆட்சியாண்டுக் கல்வெட்டுகள் இருக்கின்றன. ஆண்டுக் கணக்கில் 919-உம் 921-உம். குடவோலைத் தேர்தல் என்று பள்ளிப் புத்தகத்தில் படித்துவிட்டு மார்க் வாங்கியதோடு மறந்துவிட்டோம். 2020 டிசம்பரில் புதிய நாடாளுமன்றக் கட்டடத்துக்கு அடிக்கல் நாட்டிய விழாவில் பிரதமர் இந்தக் கல்வெட்டைப் பற்றிப் பேசியபோது ஒரு வாரம் பெருமைப்பட்டுக்கொண்டோம். ‘உலகத்துக்கே ஜனநாயகம் சொல்லிக்கொடுத்த ஊர்’ என்று ஃபிளெக்ஸ் வைப்பதில் எனக்கு விருப்பம் இல்லை. அந்தத் தேர்தலை நடத்தியது நிலமுள்ள பிராமணர்களின் மகாசபை. பெண்களுக்கு இடம் இல்லை, உழுதவர்களுக்கு இடம் இல்லை. அதை மறைத்துப் பெருமை பேசுவது நேர்மை ஆகாது. ஆனால், திருட்டை எப்படி யோசித்துத் தடுத்திருக்கிறார்கள் என்பதை மட்டும் அருகில் போய்ப் பாருங்கள்.

ஊர்க் காரியங்களைப் பார்க்கும் வாரியங்களுக்கு ஆள் தேர்ந்தெடுக்கும் முறை இது. ஊர் 30 குடும்புகள், அதாவது வார்டுகள். ஒவ்வொரு குடும்பிலும் தகுதியுள்ளவர்களின் பெயரை ஓலையில் எழுதிக் கட்டாகக் கட்டி, எல்லாக் கட்டையும் குடத்தில் போடுகிறார்கள். சிறியவர் பெரியவர் என்று சபையார் அத்தனை பேரும் கூடியிருக்க வேண்டும். கோயில் அர்ச்சகர்களான நம்பிமார் ஒருவர் பாக்கி இல்லாமல் உள்மண்டபத்தில் உட்கார்ந்திருக்க வேண்டும். அவர்களில் மூத்தவர் எழுந்து, எல்லாரும் பார்க்கும்படி குடத்தைத் தூக்கிக் காட்டுகிறார். உள்ளே இருப்பது என்னவென்று அறியாத ஒரு சிறுவனைக் கூப்பிட்டு, ஒரு கட்டை எடுக்கச் சொல்கிறார்கள். அதைப் பிரித்து வேறொரு குடத்தில் போட்டுக் குலுக்குகிறார்கள். சிறுவன் ஓர் ஓலையை எடுத்து, நடுவரான மத்யஸ்தன் கையில் கொடுக்கிறான். மத்யஸ்தன் அதை எப்படி வாங்க வேண்டும் என்பதைக்கூடக் கல்வெட்டு சொல்கிறது: ஐந்து விரலும் விரிய, உள்ளங்கையை நீட்டி வாங்க வேண்டும். விரலிடுக்கில் இன்னோர் ஓலையை மறைத்து வைத்து மாற்றிவிடக் கூடாது அல்லவா! வாங்கியவர் வாசிக்கிறார். அதோடு விடவில்லை. மண்டபத்தில் இருக்கும் நம்பிமார் எல்லாரும் அதே ஓலையை வாங்கி வாசிக்க வேண்டும். அதன் பிறகுதான் பெயர் ஏறும்.

மூத்த நம்பி நல்லவர் இல்லை என்று யாராவது சந்தேகப்பட்டார்களா? இல்லை. மத்யஸ்தன் திருடன் என்றா நினைத்தார்கள்? அதுவும் இல்லை. நல்லவரையும் சோதிப்பது அவமானம் இல்லை என்று ஊர் ஒப்புக்கொண்டிருந்தது. மூன்று ஆண்டுக்குள் வாரியத்தில் இருந்தவர் மறுபடி நிற்க முடியாது. வாரியத்தில் இருந்து கணக்குக் காட்டாமல் போனவர் நிற்க முடியாது, அவருடைய நெருங்கிய உறவினர்களும் நிற்க முடியாது. ஆள் மாறும், கணக்கு தணிக்கை ஆகும், எல்லாம் ஊரார் கண்முன்னே நடக்கும். தோட்ட வாரியமும் ஏரி வாரியமும் இப்படித்தான் அமைந்தன. இன்றைக்குக் கணினிப் பாதுகாப்புத் தணிக்கைக்கு வருகிற நிபுணர், வங்கி மேலாளரிடம் கேட்கும் முதல் பத்துக் கேள்விகளும் இவைதாம்.

இப்படிக் கேட்காமல் விட்டால் என்ன ஆகும் என்பதற்கு நம் மாநிலத்திலேயே பாடம் இருக்கிறது. 2018 பிப்ரவரியில் கும்பகோணத்தைத் தலைமையிடமாகக் கொண்ட சிட்டி யூனியன் வங்கியின் ஸ்விஃப்ட் பணப் பரிமாற்ற அமைப்புக்குள் யாரோ புகுந்து, மூன்று பரிமாற்றங்களில் சுமார் 20 லட்சம் டாலரை வெளிநாட்டுக் கணக்குகளுக்கு அனுப்பப் பார்த்தார்கள். மறுநாள் கணக்குச் சரிபார்க்கும்போது வங்கியே அதைக் கண்டுபிடித்து, பணத்தை மீட்கும் வேலையில் இறங்கியது. தினசரி சரிபார்ப்பு என்ற பழக்கம் இருந்ததால்தான் அது தெரியவந்தது. அதற்கு இரண்டு ஆண்டுக்கு முன் வங்கதேச மத்திய வங்கியில் நடந்த கொள்ளையில், பரிமாற்ற விவரங்களை அச்சடிக்கும் அச்சுப்பொறியைத் திருடர்கள் முடக்கிவிட்டார்கள். வழக்கமான கோளாறுதானே என்று ஊழியர்கள் விட்டுவிட்டார்கள். 8 கோடியே 10 லட்சம் டாலர் போய்ச் சேர்ந்தது. 2019-இல் கூடங்குளம் அணுமின் நிலையத்தின் நிர்வாகக் கணினி ஒன்றில் வேவு நிரல் இருந்ததை அணுமின் கழகமே ஒப்புக்கொண்டது. உலைகளை இயக்கும் அமைப்பு தனியாக இருந்ததால் அதற்குப் பாதிப்பு இல்லை என்றும் சொன்னது. கதவைத் தனித்தனியாக வைப்பதன் அருமை அங்கே தெரிந்தது.

சரி, கம்பெனி தொடங்க வேண்டும் என்கிற பையன் எங்கே ஆரம்பிப்பது? லக்ஷ்மண் முத்தையா என்ற சென்னை இளைஞரின் அனுபவத்தைச் சொல்கிறேன். பெரிய நிறுவனங்கள், ‘எங்கள் அமைப்பில் ஓட்டை கண்டுபிடித்து எங்களிடம் சொன்னால் பரிசு’ என்று அறிவித்திருக்கின்றன. பக் பவுண்டி என்று பெயர். 2019-இல் இவர் இன்ஸ்டாகிராமில் ஒன்றைக் கவனித்தார். கடவுச்சொல் மறந்துவிட்டால் கைப்பேசிக்கு ஆறு இலக்க எண் வரும். ஆறு இலக்கம் என்றால் பத்து லட்சம் வாய்ப்புகள். பத்து நிமிடத்துக்குள் போட வேண்டும். ஒரே இடத்திலிருந்து திரும்பத் திரும்ப முயன்றால் இன்ஸ்டாகிராம் தடுத்துவிடும். ஆனால், ஆயிரம் வெவ்வேறு இணைய முகவரிகளிலிருந்து ஒரே நேரத்தில் முயன்றால்? தடுப்பு வேலை செய்யவில்லை. இரண்டு லட்சம் எண்களை அனுப்பிக் காட்டினார். ஐயாயிரம் முகவரிகள் இருந்தால் பத்து லட்சத்தையும் தொட்டுவிடலாம், அதற்கு வாடகை 150 டாலர் அளவில்தான் ஆகும் என்று கணக்குப் போட்டு ஃபேஸ்புக் நிறுவனத்துக்கு எழுதினார். அவர்கள் ஓட்டையை அடைத்துவிட்டு 30,000 டாலர் கொடுத்தார்கள். 2021-இல் இதே போன்ற ஒரு குறையை மைக்ரோசாஃப்ட் கணக்குகளில் கண்டு சொன்னதற்கு 50,000 டாலர். மாயம் மந்திரம் எதுவும் இல்லை. ‘தடுப்பு எத்தனை பேரை எண்ணுகிறது, எதை எண்ணாமல் விடுகிறது?’ என்ற ஒரே கேள்விதான். விரல் இடுக்கில் ஓலை இருக்குமோ என்று யோசித்தவர் கேட்ட கேள்வி.

இங்கே தம்பிமார்களுக்கு ஓர் எச்சரிக்கை. அனுமதி கொடுத்த இடத்தில் மட்டும்தான் கை வைக்க வேண்டும். பள்ளியின் இணையதளத்தில் நுழைந்து பார்த்தேன், பக்கத்து வீட்டு வைஃபையை உடைத்தேன் என்பதெல்லாம் சாகசம் இல்லை. தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 66-ஆம் பிரிவில் மூன்று ஆண்டுவரை சிறையும் ஐந்து லட்சம்வரை அபராதமும் இருக்கிறது. இந்தத் தொழிலில் பேர் கெட்டுப்போனவனிடம் யாரும் சாவியைக் கொடுக்க மாட்டார்கள். மற்றத் தொழில்களில் ஒருமுறை சறுக்கினால் எழுந்துகொள்ளலாம். இங்கே நாணயம்தான் முதல், நாணயம்தான் சரக்கு.

அம்மா, உங்களுக்கு என் பதில் இதுதான். சோறு கிடைக்கும். ஆனால் அவன் நினைக்கிற அளவு சீக்கிரத்தில் இல்லை. கைலாஷ் காட்கர் கம்பெனி வைப்பதற்கு முன் வருடக்கணக்கில் பிறர் கடையில் ஸ்குரூ கழற்றினார். ஜெய் சௌத்ரி ஐ.பி.எம். போன்ற நிறுவனங்களில் பல வருடம் வேலை பார்த்த பிறகுதான் சேமிப்பைப் பணயம் வைத்தார். உங்கள் மகன் முதலில் படிக்கட்டும். பொறியியல் என்றுதான் இல்லை, கணினி அறிவியல் பட்டம் எதுவாக இருந்தாலும் சரி. வலைப்பின்னல் எப்படி ஓடுகிறது, லினக்ஸ் எப்படி வேலை செய்கிறது, ஒரு நிரலாவது பிழையில்லாமல் எழுதத் தெரிகிறதா என்று பார்த்துக்கொள்ளட்டும். ஐ.ஐ.டி.களின் என்.பி.டி.இ.எல். பாடங்கள் இணையத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன. கல்லூரிக்குப் போனால் அரசின் ‘நான் முதல்வன்’ திட்டத்தின் பயிற்சிகள் இருக்கின்றன. பிறகு நாலைந்து வருடம் எங்காவது வேலை பார்க்கட்டும். யாருக்கு என்ன வலி என்று தெரிந்த பிறகு கம்பெனி வைக்கட்டும்.

வலிக்குப் பஞ்சமே இல்லை. இந்தியாவின் கணினி அவசரநிலைக் குழுவான செர்ட்-இன் 2022 ஏப்ரலில் போட்ட உத்தரவின்படி, இணையத் தாக்குதல் நடந்தது தெரிந்த ஆறு மணி நேரத்துக்குள் நிறுவனங்கள் தகவல் கொடுக்க வேண்டும். 2023-இல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டமும் வந்துவிட்டது. பெரிய கம்பெனிகள் பெரிய ஆட்களை வைத்துக்கொள்ளும். நம் வட்டாரத்துக் கூட்டுறவுச் சங்கம், தனியார் மருத்துவமனை, ரைஸ் மில், பள்ளிக்கூடம், ஒரகடத்துக்கு உதிரிப் பாகம் செய்து கொடுக்கும் சின்னப் பட்டறை இவர்களுக்கெல்லாம் யார் இருக்கிறார்கள்? கணக்குக் கணினி ஒன்று, கடவுச்சொல் மானிட்டரில் ஒட்டிய சீட்டில், பேக்கப் என்றால் என்னவென்றே கேள்விப்படாத அலுவலகம். மிரட்டிப் பணம் பறிக்கும் ரேன்சம்வேர் ஒருநாள் வந்தால், மறுநாள் காலையில் கடையைத் திறக்க முடியாது. இவர்கள் வாசலுக்குப் போய், இவர்கள் மொழியில் பேசி, இவர்கள் கொடுக்கக்கூடிய கட்டணத்துக்குக் காவல் தருகிற ஒரு நிறுவனம் உத்திரமேரூரில் தொடங்கினால் அதற்கு வேலை இருக்கும். கைலாஷ் காட்கரும் தன் தெருவிலிருந்துதான் ஆரம்பித்தார்.

வாசகர்களுக்கும் ஒரு வார்த்தை. 2024-இல் மட்டும் இந்திய மக்கள் இணைய மோசடிகளில் இழந்த பணம் 22,845 கோடி ரூபாய்க்கு மேல் என்று மத்திய அரசு நாடாளுமன்றத்தில் சொன்னது. அதில் அதிநவீன ஹேக்கிங்கைவிட, நாமே கதவைத் திறந்துவிட்டதுதான் அதிகம் இருக்கும் என்று நம்புகிறேன். வாட்ஸ்அப்பில் கல்யாணப் பத்திரிகை என்று வரும் ஏ.பி.கே. ஃபைலைத் தொடுகிறோம். பி.எம். கிசான் பணம் வரவில்லை என்று ஒருவர் போன் செய்தால், ஓ.டி.பி.யைப் படித்துக் காட்டுகிறோம். வீடியோ அழைப்பில் போலீஸ் உடுப்போடு ஒருவன் ‘டிஜிட்டல் அரெஸ்ட்’ என்றால் நடுங்கிப்போகிறோம். அப்படி ஒரு கைது இந்தியச் சட்டத்தில் கிடையாது.

எனவே வீட்டில் இன்றைக்கே ஒரு வழக்கம் கொண்டுவாருங்கள். பணம் அனுப்பச் சொல்லி யார் கேட்டாலும், அது மகனே ஆனாலும், போனை வைத்துவிட்டு நீங்கள் சேமித்து வைத்திருக்கும் எண்ணுக்குத் திரும்பக் கூப்பிட்டுக் கேளுங்கள். ‘என்னை நம்பலையா’ என்று கோபித்துக்கொண்டால், நம் ஊர் கல்வெட்டைக் காட்டுங்கள். மகளிர் குழுவில் கணக்குப் பார்க்கும் அக்காவிடம், மாதம் ஒருமுறை எல்லார் முன்னாலும் வங்கிப் புத்தகத்தைத் திறந்து காட்டச் சொல்லுங்கள். அவர் நல்லவர் என்பதாலேயே மகிழ்ச்சியாகக் காட்டுவார். அதையும் மீறிப் பணம் போய்விட்டால், அவமானம் என்று மறைக்காதீர்கள். உடனே 1930 என்ற எண்ணுக்குக் கூப்பிடுங்கள். எவ்வளவு சீக்கிரம் சொல்கிறீர்களோ, பணம் கைமாறுவதற்குள் முடக்கி வைக்க அவ்வளவு வாய்ப்பு உண்டு. அந்த எண்ணை இந்தப் பக்கத்தைப் படித்து முடித்தவுடன் உங்கள் போனிலும், உங்கள் அப்பா அம்மா போனிலும் பதிந்து வையுங்கள்.

அன்புடன்,
ஆசிரியர்